உடலுக்குள் ஓர் அரசன் உண்டோ?

நாட்டுக்கு ஒரு மன்னன், ஊருக்கு ஒரு நாட்டாண்மை, வீட்டுக்கு ஒரு தலைவன் என்று பார்த்துப் பழகிய கண்கள், உடலுக்குள் எட்டிப் பார்த்தபோதும் அங்கே ஓர் அரியணையைத்தான் தேடின. உயிரை ஆளும் அரசன் எந்த உறுப்பிலே கொலுவீற்றிருக்கிறான்? இதயத்திலே என்றார் கிரேக்க அறிஞர் அரிஸ்டாட்டில். மூளையோ குருதியின் சூட்டைத் தணிக்க அமைந்த குளிர்ந்த உறுப்பு, அவ்வளவே என்று ஒதுக்கினார். அவருடைய ஆசான் பிளேட்டோ தலையை உச்சியில் வைத்து, நெஞ்சை அதற்குக் கீழும் வயிற்றை அதற்கும் கீழும் வைத்தார். ரோமாபுரியில் கி.மு. 494-ஆம் ஆண்டில், கடன் சுமையால் நைந்த ஏழை மக்கள் நகரத்தை விட்டே வெளியேறியபோது, அவர்களைத் திரும்ப அழைத்துவரச் சென்ற பிரபு ஒரு கதை சொன்னாராம். கையும் வாயும் பல்லும் ஒன்று சேர்ந்து, உழைக்காமல் உண்ணும் வயிற்றுக்கு எதிராகக் கிளம்பின, உணவை நிறுத்தின, கடைசியில் தாமே மெலிந்து துவண்டன என்பது கதை. உழைப்பவன் உண்டு கொழுப்பவனோடு மல்லுக்கு நிற்கலாகாது என்பது கதையின் கருத்து. லிவி என்னும் வரலாற்றாசிரியர் எழுதி வைத்திருக்கிறார்.

நம் நாட்டிலும் உடல் இந்த வேலைக்குப் பயன்பட்டது என்பதை நம் இளைஞர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. ரிக் வேதத்தின் பத்தாம் மண்டலத்திலே புருஷன் ஒருவனைப் படுக்க வைத்து, அவன் வாயிலும் தோளிலும் தொடையிலும் பாதத்திலும் நான்கு வருணத்தைப் பிறப்பித்தார்கள். தலை உயர்ந்தது, கால் தாழ்ந்தது என்பது முன்கூட்டியே முடிவு செய்யப்பட்டு விட்டது. காலிலே பிறந்ததாகச் சொல்லப்பட்டவன், கால் என்ன செய்கிறது என்று கேட்க வழியில்லை. கேட்டவர்கள் பிற்காலத்தில், பிற நாடுகளில் வந்தார்கள். கத்தியும் விளக்கும் எடுத்து உடலை உண்மையாகவே திறந்து பார்த்தவர்கள் அவர்கள். அந்த வரலாற்றைத்தான் நாம் இங்கே கூற விழைகிறோம்.

கி.பி. 129-இல் பெர்கமம் நகரில் பிறந்த கேலன், சிறந்த மருத்துவர். வாட்போர் வீரர்களின் புண்களுக்குக் கட்டுப் போட்டுக் கற்றவர். பின்னர் ரோமாபுரி சென்று பேரரசன் மார்க்கஸ் அரேலியசுக்கே மருத்துவம் பார்த்தவர். குரங்கையும் பன்றியையும் ஆட்டையும் அறுத்துப் பார்த்து அவர் கண்டுபிடித்தவை ஏராளம். நாளங்களில் ஓடுவது காற்றன்று, குருதியே என்று காட்டியவர் அவர்தாம். ஆனால் மனித உடலை அறுக்க அன்றைய ரோமாபுரியில் வழக்கமில்லை. ஆகவே விலங்கிலே கண்டதை மனிதனுக்கும் பொருத்தி, இடையிலே விழுந்த பள்ளங்களை ஊகத்தால் நிரப்பினார்.

அவர் வகுத்த முறை இது: உண்ட உணவு கல்லீரலை அடைந்து அங்கே குருதியாகிறது. அந்தக் குருதி சிரைகள் வழியே உடலெங்கும் பாய்ந்து, வாய்க்கால் நீர் வயலிலே சுவறிவிடுவதுபோல் தசைகளில் சுவறிவிடுகிறது. திரும்பி வருவதில்லை. அதில் ஒரு சிறு பங்கு, இதயத்தின் வலப்புறத்திலிருந்து நடுச்சுவரின் கண்ணுக்குத் தெரியாத துளைகள் வழியே இடப்புறம் கசிந்து, காற்றோடு கலந்து உயிராவி பெறுகிறது. பின்னர் மூளையிலே மற்றோர் ஆவி. கல்லீரல், இதயம், மூளை என மூன்று அரசர்கள், மூன்று நாடுகள்! மூன்றும் ஓரளவு தொடர்புடையவை என்றாலும், ஒன்றை ஒன்று தேடிவரும் சுற்று எதுவும் அந்த ஏற்பாட்டில் இல்லை.

கேலன் தவறியதை நாம் குற்றமாகச் சொல்லவில்லை. தேடியவன் தவறுவான். தேடாதவர்கள் அவருடைய ஏட்டை ஏறக்குறைய 1,300 ஆண்டுகள் வேதமாக்கியதுதான் கொடுமை!

ஐரோப்பியப் பல்கலைக்கழகங்களில் உடற்கூற்றுப் பாடம் எப்படி நடந்தது தெரியுமோ? உயரமான இருக்கையிலே பேராசிரியர் அமர்ந்திருப்பார். கையிலே கேலனின் ஏடு. கீழே மேசையிலே பிணம். அதை அறுப்பவர் நாவிதர், இலத்தீன் அறியாதவர். படிப்பவர் பார்ப்பதில்லை, பார்ப்பவருக்குப் படிக்கத் தெரியாது. ஏட்டிலே ஐந்து மடல் கல்லீரல் என்றிருக்கும். மேசையிலே அப்படி இராது. ஆயினும் ஏடே வெல்லும். நமக்கு இது புதிய காட்சியன்று. நம் ஊர்களிலும் கத்தி எடுத்துக் கட்டியைக் கீறியவர் 'மருத்துவர்' என்றே பெயர் பெற்ற நாவிதர். பிள்ளைப்பேறு பார்த்தவள் அவர் வீட்டுப் பெண்ணான மருத்துவச்சி. உயிரைக் காத்த அந்தக் கைகளுக்குத்தான் தீட்டு என்று பெயர்.

அந்த உயரமான இருக்கையை விட்டு இறங்கி வந்தவர் வெசாலியஸ். 1514-இல் பிரசல்ஸில் பிறந்தவர். மாணவனாக இருக்கையில், லூவேன் நகரின் புறத்தே தூக்குமரத்தில் தொங்கிய குற்றவாளி ஒருவனின் எலும்புக்கூட்டைத் திருடிக்கொண்டு வந்து படித்த துணிச்சல்காரர். 23 வயதில் இத்தாலியிலுள்ள பதுவா பல்கலைக்கழகத்தில் ஆசிரியரானார். நாவிதரை விலக்கிவிட்டுத் தாமே கத்தியை எடுத்தார். 1543-இல் அவர் வெளியிட்ட பெருநூலின் முகப்புப் படத்தைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். நடுவிலே பிணம், அதன்மேல் அவருடைய கை, சுற்றிலும் முட்டி மோதும் கூட்டம், மேசைக்கு அடியிலே வேலையிழந்த நாவிதர் இருவரின் பூசல்! கீழ்த்தாடை எலும்பு இரண்டு என்று கேலன் எழுதியிருந்தார். ஒன்றுதான் என்று காட்டினார் வெசாலியஸ். மார்பெலும்பில் ஏழு துண்டு என்றிருந்தது. மூன்று என்று காட்டினார். இதயத்தின் நடுச்சுவரில் துளை எங்கே என்று கூர்ந்து பார்த்தார்; காணவில்லை. முதற்பதிப்பில் அதைக் கேலியாகத் தொட்டுவிட்டு, 1555-ஆம் ஆண்டுப் பதிப்பில் துளை இருப்பதையே ஐயுற்று எழுதினார்.

அவருக்குப் பாரிசிலே பாடம் சொன்ன பழைய ஆசான் சில்வியஸ் கொதித்தெழுந்தார். மாணவனைப் பைத்தியக்காரன் என்று ஏசினார். கேலன் எழுதியதற்கும் பிணத்திலே கண்டதற்கும் உள்ள வேற்றுமைக்கு அவர் கண்ட சமாதானம் என்ன? கேலன் தவறவில்லையாம், கேலன் காலத்திற்குப் பிறகு மனித உடல்தான் சீர்கெட்டு மாறிவிட்டதாம்! ஏட்டுக்கும் உடலுக்கும் சண்டை வந்தால், உடலையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது பழமையின் இயல்பு போலும்.

இங்கே சற்று நின்று, நம் நாட்டுப் பக்கமும் பார்க்க வேண்டும். அறுவை மருத்துவத்திற்குப் புகழ்பெற்ற சுசுருத சங்கிதை, உடலை நேரிலே பார்த்துத்தான் அறிய வேண்டும் என்று வற்புறுத்துகிறது. பிணத்தைப் புல்லால் சுற்றிக் கூண்டிலிட்டு, ஓடும் நீரில் ஏழு இரவுகள் வைத்து, தோல் கழன்றுவர மெல்லத் தேய்த்துத் தேய்த்து ஒவ்வோர் உறுப்பாகக் காணும் முறையையும் கூறுகிறது. அந்த வேட்கை ஏன் தொடரவில்லை? காரணம் ஒன்று மட்டுமன்று. ஆனால் ஒரு காரணம் மனுவின் நூலிலேயே கிடக்கிறது. மருத்துவன் தரும் சோற்றை உண்ணலாகாது என்று விலக்கி, அதைச் சீழோடு ஒப்பிடுகிறது அந்நூல். பிணம் தீட்டு, குருதி தீட்டு, அவற்றைத் தொடும் கை தீட்டு என்றான பிறகு, எந்தக் கை உடலைத் திறக்கும்? கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் ஆயுர்வேதம் பயின்ற மதுசூதன் குப்தா பிணத்தின்மேல் கத்தியை வைத்தது 1836-இல். அன்று அது ஊரே வியந்த துணிச்சல். வெசாலியஸ் நூலுக்கும் அந்த நாளுக்கும் இடையே 293 ஆண்டுகள்!

மீண்டும் இதயத்தின் நடுச்சுவருக்கு வருவோம். துளை இல்லையென்றால் வலப்புறக் குருதி இடப்புறம் போவது எப்படி? இந்தக் கேள்விக்கு முதலில் விடை கண்டவர் ஐரோப்பியர் அல்லர். டமாஸ்கஸில் பிறந்து கெய்ரோவில் புகழ்பெற்ற இப்னு அல் நபீஸ், 1242-இல் எழுதிய உரைநூலிலே, சுவரில் துளை இல்லை, குருதி நுரையீரல் வழியாகச் சென்று காற்றோடு கலந்து இடப்புறம் வருகிறது என்று தெளிவாகவே எழுதினார். அந்த ஏடு உறங்கிவிட்டது. 1924-இல் எகிப்திய மருத்துவர் ஒருவர் பெர்லின் நூலகத்திலே அதைக் கண்டெடுக்கும்வரை உலகம் அறியவில்லை.

ஐரோப்பாவில் அதே கருத்தை அச்சேற்றியவர் ஸ்பெயின் நாட்டு மைக்கேல் செர்வீட்டஸ். ஆண்டு 1553. நூல் மருத்துவ நூலன்று, சமய நூல். கத்தோலிக்கர் அவரைச் சிறையிலிட்டனர், தப்பினார். தப்பியவர் சீர்திருத்தம் பேசிய கால்வினின் ஜெனீவாவிலே பிடிபட்டார். அந்த ஆண்டு அக்டோபர் 27-ஆம் நாள் உயிரோடு எரிக்கப்பட்டார். நுரையீரலைப் பற்றி எழுதியதற்காகவா? இல்லை, மும்மைக் கடவுள் கோட்பாட்டையும் குழந்தைத் திருமுழுக்கையும் மறுத்ததற்காக. இதை நாம் மறைக்காமல் சொல்லத்தான் வேண்டும். நம் பக்கம் வலுவாக இருக்கும்போது மிகைப்படுத்துவானேன்? ஆனால் எரிந்தது ஆள் மட்டுமன்று. அவருடைய நூலின் படிகளும் எரிந்தன. இன்று எஞ்சியிருப்பவை மூன்றே மூன்று. அவற்றின் பக்கங்களிலேதான் நுரையீரலும் இருந்தது. ஆறு ஆண்டுகளுக்குப் பின் பதுவாவின் கொலம்போ வேறு வழியாக அதே உண்மையை எழுத வேண்டியதாயிற்று.

பதுவா, பதுவா என்று அடிக்கடி சொல்கிறோமே, அந்த நகரம் வெனிஸ் குடியரசின் ஆட்சியில் இருந்தது. பிறநாட்டு மாணவர்க்கும் பிற சமயத்தார்க்கும் ஓரளவு மூச்சுவிட இடம் தந்தது. அங்கேதான் 1600-ஆம் ஆண்டளவில் இங்கிலாந்திலிருந்து வந்து சேர்ந்தார் வில்லியம் ஹார்வி. அவருடைய ஆசிரியர் பாப்ரிசியஸ், சிரைகளுக்குள்ளே சிறு சிறு கதவுகள் இருப்பதை 1574-இலேயே கண்டவர். 1603-இல் படங்களோடு அச்சிட்டவர். கதவைக் கண்டார், அது எந்தப் பக்கம் திறக்கிறது என்பதன் பொருளைக் காணவில்லை. குருதி கல்லீரலிலிருந்து கைகால்களுக்கு ஓடுகிறது என்ற கேலனின் சொல் கண்ணை மறைத்தது. ஆகவே, குருதி வெள்ளமாய்ப் பாய்ந்து காலிலே தேங்கிவிடாமல் மெதுவாக்கும் தடுப்பு இது என்று முடித்துக்கொண்டார்.

மாணவனோ கதவு திறக்கும் திசையைப் பார்த்தார். எல்லாக் கதவுகளும் இதயத்தை நோக்கியே திறக்கின்றன!

தோழர்கள் இதை நம் சொல்லுக்காக நம்ப வேண்டாம். ஹார்வி செய்து காட்டியதைத் தாமே செய்து பார்க்கலாம். மேற்கையிலே ஒரு துணியை அளவாகக் கட்டினால் முன்கைச் சிரைகள் புடைக்கும். இடையிடையே முடிச்சுகள் போலத் தெரியும். அவைதாம் கதவுகள். மணிக்கட்டுப் பக்கத்தில் ஒரு சிரையை விரலால் அழுத்திக்கொண்டு, மற்றொரு விரலால் குருதியை முழங்கைப் பக்கம் அடுத்த முடிச்சைத் தாண்டித் தள்ளுங்கள். சிரை வெறுமையாகிவிடும். மேலேயிருந்து குருதி திரும்பி வராது, கதவு மூடிக்கொண்டது. அழுத்திய விரலை எடுத்ததும் கைப்பக்கத்திலிருந்து நிறையும். சிரைக் குருதி இதயத்திலிருந்து வரவில்லை, இதயத்திற்குப் போகிறது. இதற்குத் தேவை ஒரு துணியும் இரண்டு விரல்களும்தான். 1,400 ஆண்டுகளாக ஒவ்வொரு மனிதனிடமும் அவை இருந்தன.

அடுத்து ஒரு கணக்கு. இதயம் ஒரு துடிப்புக்கு அரை அவுன்ஸ் குருதியை வெளியே தள்ளுவதாக வைத்துக்கொண்டாலும், அரை மணி நேரத்திலே 1,000 துடிப்பு, 500 அவுன்ஸ். உடலில் உள்ள குருதியை விட அதிகம். உண்ட சோறு இவ்வளவையும் அரை மணிக்கு ஒருமுறை புதிதாக ஆக்க முடியுமா? தசைகள் இவ்வளவையும் குடித்துவிட முடியுமா? முடியாது. ஆகவே அதே குருதிதான் திரும்பத் திரும்ப வருகிறது, சுற்றுகிறது. இன்றைய அளவைகள் அவருடைய கணக்கை இன்னும் பெரிதாக்கிவிட்டன. வளர்ந்த ஒருவரின் இதயம் ஓய்வாக இருக்கும்போதே நிமிடத்திற்கு ஏறக்குறைய 5 லிட்டர் தள்ளுகிறது. உடலில் உள்ள குருதியும் ஏறக்குறைய அவ்வளவே. நாள் ஒன்றுக்கு 7,000 லிட்டர். குடம் ஒன்று 15 லிட்டர் கொள்ளும் என்றால், 460 குடத்துக்கு மேல்!

1628-இல் பிராங்க்பர்ட்டில் அச்சான ஹார்வியின் நூல் 72 பக்கமே. அது வெளிவந்ததும் அவரிடம் மருத்துவத்திற்கு வருவோர் குறைந்தனர், மூளை கலங்கியவர் என்று பலர் கருதினர் என அவரை அறிந்த ஆப்ரே குறித்திருக்கிறார். ஹார்வியின் மற்றொரு செயலையும் நம் வாசகர் அறிய வேண்டும். 1634-இல் லங்காஷயர் வட்டாரத்தில் ஒரு சிறுவனின் பேச்சைக் கேட்டுச் சில பெண்களைச் சூனியக்காரிகள் என்று தண்டிக்க ஏற்பாடாயிற்று. சாத்தான் இட்ட குறி உடலில் இருக்கிறதாம்! அவர்களை ஆராயும் பொறுப்பு ஹார்வியிடம் வந்தது. அவருடைய மேற்பார்வையில் மருத்துவச்சிகளும் அறுவை மருத்துவரும் ஆராய்ந்தனர். இயற்கைக்கு மாறான எதுவும் இல்லை என்று எழுதிக் கொடுத்தனர். தான் சொன்னது கட்டுக்கதை என்று சிறுவனும் ஒப்புக்கொண்டான். சிரையின் கதவைப் பார்த்த அதே கண்தான், அந்த ஏழைப் பெண்களின் உடலையும் பார்த்தது.

ஆனாலும் ஹார்வியும் ஓர் அரசனைத் தேடியவர்தாம். மன்னன் சார்லஸின் மருத்துவரல்லவா? நூலை மன்னனுக்கே காணிக்கையாக்கி, உடலுக்கு இதயம் எப்படியோ நாட்டுக்கு மன்னன் அப்படி என்று புகழ்ந்தார். 1649 ஜனவரியில் அந்த மன்னனின் தலையை இங்கிலாந்து மக்களின் நாடாளுமன்றம் வெட்டி வீழ்த்தியது. இரண்டே ஆண்டுகள் கழித்து வந்த அடுத்த நூலில் ஹார்வி கூறுவது வேறு. கோழிமுட்டையை நாள்தோறும் உடைத்துப் பார்த்தவர், இதயம் உருவாவதற்கு முன்பே குருதி தோன்றுவதைக் கண்டு, முதன்மை குருதிக்கே என்கிறார். தலை வெட்டுண்டதால் கருத்து மாறியதா, முட்டையிலே கண்டதால் மாறியதா? அறிஞர்கள் இன்றும் வாதாடுகிறார்கள். நாம் முட்டையின் பக்கம்தான் நிற்போம். ஆனால் அரண்மனை வாடை அடித்தபோது எழுதியதும், அடிக்காதபோது எழுதியதும் வேறாக இருப்பதைக் கவனிக்காமலும் இருக்க முடியவில்லை.

தமனியின் கடைசி நுனியிலிருந்து சிரையின் தொடக்கத்திற்குக் குருதி எப்படிப் போகிறது என்பதை ஹார்வி காணவில்லை. அவர் இறந்து நான்கு ஆண்டுகள் கழித்து, 1661-இல், மால்பிகி நுண்நோக்கியை வைத்துத் தவளையின் நுரையீரலில் மயிரினும் மெல்லிய நுண்குழல்களைக் கண்டார். வட்டம் முழுமையாயிற்று.

வட்டம் என்று தெரிந்துவிட்ட பிறகு, அதிலே முதல் ஏது, கடை ஏது? இப்போது காலைப் பாருங்கள். தாழ்ந்தது என்று சொல்லப்பட்ட கால்! இதயம் தள்ளிவிட்ட குருதி காலுக்கு இறங்குவது எளிது, ஏறுவது கடினம். ஏற்றி அனுப்புவது எது? கெண்டைக்கால் தசை. நாம் அடியெடுத்து வைக்கும்போதெல்லாம் அந்தத் தசை இறுகி, இடையிலுள்ள சிரையைப் பிழிகிறது, பாப்ரிசியஸ் கண்ட கதவுகள் குருதியைக் கீழே விடுவதில்லை, மேலேதான் போகவேண்டும். இரண்டாவது இதயம் என்று மருத்துவர்கள் அதைச் சொல்வது வெறும் அணியன்று. அணிவகுப்பிலே அசையாமல் நெடுநேரம் நிற்கும் போர்வீரன் திடீரென மயங்கி விழுகிறானே, ஏன்? கால் வேலை செய்யவில்லை. குருதி கீழே தேங்கிற்று. இதயத்திற்குத் திரும்பியது குறைந்தது. இதயம் தலைக்கு அனுப்பியதும் குறைந்தது. கால் ஓய்ந்தால் தலை சாய்கிறது. இதை வேதத்துப் புருஷனைப் பாடியவர்கள் அறிந்திருக்க வழியில்லை.

கேலனின் மற்றொரு மன்னனான கல்லீரலுக்கு வந்த கதி வேடிக்கையானது. குருதியை ஆக்குவது அதுவன்று என்று தெரிந்ததும், டென்மார்க்கின் பார்த்தோலின் 1653-இல் அதற்குக் கல்லறை வாசகமே எழுதிவிட்டார்! இரு நூற்றாண்டுகள் கழித்துப் பிரான்சு நாட்டுக் கிளாட் பெர்னார்டு அதைப் புதைகுழியிலிருந்து எழுப்பினார். இறைச்சி மட்டுமே தின்ற நாய்க்கும், கல்லீரலிலிருந்து வெளியேறும் குருதியிலே சர்க்கரை இருப்பதை 1848-இல் கண்டார். கல்லீரல் அதைச் சேர்த்து வைத்து வேண்டும்போது வழங்குகிறது என்று பின்னர் காட்டினார். அரியணை திரும்பக் கிடைக்கவில்லை. களஞ்சியப் பொறுப்புக் கிடைத்தது. அரசனாக இருந்ததைவிட மதிப்புள்ள வேலை.

இதற்கு முன்பே மூச்சுக்கும் உழைப்புக்கும் உள்ள கணக்கைப் பிரான்சில் லவாய்சியர் போட்டிருந்தார். மூச்சு விடுவது மெதுவாக எரிவது என்பது அவர் கண்ட உண்மை. உடன் உழைத்த செகான் முகமூடி அணிந்து, காலால் மிதிகட்டையை இயக்க, எவ்வளவு உயிர்வளி செலவாகிறது என்று அளந்தார்கள். துணைவியார் மேரி மேசையில் அமர்ந்து குறிப்பெழுதுவார். அவரே வரைந்த அந்தப் படம் இன்றும் உள்ளது. ஓய்வாக இருப்பதைவிட உழைக்கும்போது செலவு பன்மடங்கு. லவாய்சியர் அந்த எண்ணோடு நிற்கவில்லை. கையால் உழைக்கும் ஏழை, வேலையற்ற செல்வனைவிடத் தன் உடலை அதிகம் எரிக்கிறான்; அதை ஈடுசெய்யும் உணவோ செல்வனிடம்தான் மிகுதியாக இருக்கிறது; இது என்ன முறை என்று 1789-இல் தம் ஆய்வுரையிலேயே கேட்டார். அதே லவாய்சியர் அரசுக்கு வரி பிரித்துக் கொடுக்கும் குத்தகைக் கூட்டத்தில் பங்காளி என்பதும், அதற்காக 1794 மே 8-ஆம் நாள் தலையிழந்தார் என்பதும் வரலாறு. ஏழையின் மூச்சை அளந்தவர், ஏழை செலுத்திய வரியிலும் பங்கு வாங்கினார். இரண்டையும் சேர்த்தே எழுதவேண்டும்.

பேருந்தைப் பிடிக்க ஓடுகிற ஒருவரை எண்ணிப் பாருங்கள். கால் தசை எரிபொருள் கேட்கிறது. கல்லீரல் சர்க்கரையை அவிழ்க்கிறது. நுரையீரல் விரைகிறது. ஓய்விலே மொத்தக் குருதியோட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கே பெற்ற தசைகளுக்கு, கடும் ஓட்டத்திலே ஐந்தில் நான்கு பங்கு வரை போகிறது. குடலும் சிறுநீரகமும் தம் பங்கைக் குறைத்துக்கொண்டு வழிவிடுகின்றன. மூளைக்கு உரியது ஏறத்தாழ அப்படியே காக்கப்படுகிறது. எரிந்ததால் எழுந்த சூட்டைத் தோல் வியர்த்து வெளியேற்றுகிறது. ஓடி முடித்ததும் பங்கீடு பழையபடி திரும்புகிறது. பசித்தவனுக்கு முதலில் என்பதுதான் அங்கே சட்டம்.

சரி, இத்தனைக்கும் ஆணையிடுவது மூளைதானே? அதுதானே அரசன்? பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் அப்படித்தான் நம்பினார்கள். ரஷ்யாவின் பாவ்லோவ், செரிமான நீர்கள் நரம்பின் ஏவலால் சுரப்பதை அழகாக மெய்ப்பித்திருந்தார். கணைய நீரும் அப்படியே என்றார். 1902 ஜனவரியில் இலண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் பேய்லிசும் ஸ்டார்லிங்கும் ஒரு நாயின் சிறுகுடல் துண்டிலே, அதற்குச் செல்லும் நரம்புகள் அனைத்தையும் அறுத்துவிட்டுச் சிறிது அமிலத்தை இட்டார்கள். நரம்பு இல்லை; செய்தி போக வழியில்லை. ஆயினும் கணையம் சுரந்தது! குடலின் உட்புறத்தைச் சுரண்டி அமிலத்தோடு அரைத்து வடித்துக் குருதியிலே செலுத்தினார்கள். கணையம் மீண்டும் சுரந்தது. குடலே குருதி வழியாகக் கணையத்திற்குச் செய்தி அனுப்புகிறது. மூளையைக் கேட்டுக்கொண்டு அன்று. செக்ரெட்டின் என்று அந்தப் பொருளுக்குப் பெயரிட்டார்கள். இத்தகைய தூதுப்பொருள்களுக்கெல்லாம் ஹார்மோன் என்ற பொதுப்பெயரை 1905-இல் ஸ்டார்லிங் வழங்கினார். இன்று பள்ளிப் பிள்ளையும் சொல்லும் சொல் அது.

பாவ்லோவ் என்ன செய்தார்? உலகப் புகழின் உச்சியில் இருந்தவர். 1904-இல் நோபல் பரிசு பெற்றவர். தம் ஆய்வகத்திலேயே அந்தச் சோதனையைத் திரும்பச் செய்யச் சொன்னார். கணையம் சுரந்தது. இலண்டன்காரர் சொன்னதே சரி என்று ஒப்புக்கொண்டார் என அவரிடம் பயின்றவர் எழுதியிருக்கிறார். சில்வியசையும் பாவ்லோவையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்திப் பார்க்கத் தோன்றுகிறது நமக்கு.

நரம்பும் குருதியும் ஒரே வேலையை இரு வழியாகச் செய்வதை மிகத் தெளிவாகக் காட்டியது மாற்று இதயம். 1967 டிசம்பர் 3-ஆம் நாள் தென்னாப்பிரிக்காவின் கேப்டவுனில் கிறிஸ்டியான் பர்னார்டு முதன்முதலாக ஒருவர் இதயத்தை மற்றொருவர் மார்பிலே பொருத்தினார். நோயாளி 18 நாள் வாழ்ந்தார். அடுத்த மாதமே, 1968 ஜனவரி 2-இல், பர்னார்டு அதே ஊரில் மீண்டும் செய்தார். இம்முறை இதயம் தந்தவர் 24 வயது இளைஞர். அந்நாட்டு நிறவெறிச் சட்டம் 'கலப்பினத்தவர்' என்று முத்திரை குத்தி வைத்திருந்தவர். பெற்றவர் வெள்ளையரான பல் மருத்துவர். அந்த இளைஞர் அவருடைய வட்டாரத்தில் குடியிருக்கச் சட்டம் இடம் தராது. வெள்ளையர்க்கு ஒதுக்கிய இருக்கையிலே அமர இடம் தராது.

அறுத்தெடுக்கும்போது இதயத்தின் நரம்புகள் அறுபட்டுவிடுகின்றன. மூளையின் ஆணை அதை எட்டாது. ஆயினும் அது தானே துடிக்கிறது. மூளையின் கடிவாளம் இல்லாததால் ஓய்விலே சற்று விரைவாகவே துடிக்கிறது. அவர் எழுந்து நடக்கத் தொடங்கினால், நம் இதயம்போல் உடனே வேகம் கொள்வதில்லை. சிறுநீரகத்தின் மேலுள்ள சுரப்பி அட்ரினலினைக் குருதியிலே கலக்கிறது. அது வந்து சேர்ந்ததும், சில நிமிடம் கழித்து, மெல்ல மெல்ல வேகம் ஏறுகிறது. நடப்பதை நிறுத்தினாலும் தூது கரையும் வரை விரைந்துவிட்டு, மெல்லத் தணிகிறது. கேப்டவுனில் அந்த இளைஞரின் இதயம், அந்தப் பல் மருத்துவரின் மார்பிலே, ஏறத்தாழ 19 மாதங்கள் துடித்தது.